பிள்ளையில்லாத வீடும் நிறைவான வீடே



ஆடி அமாவாசையன்று கீரிமலைக் கரையில் கூடும் கூட்டத்தை நீங்கள் அறிவீர்கள். கடலோரத்தில் ஊற்றெடுக்கும் நன்னீர்க் கேணியில் நீராடி, காலமான தந்தைக்குப் பிதிர்க்கடன் செலுத்த மகன்மார் வருகிறார்கள். தந்தைக்கு ஆடி அமாவாசை, தாய்க்குச் சித்திரா பௌர்ணமி. எங்கள் சைவச் சகோதரர்கள் தலைமுறை தலைமுறையாகக் காத்துவரும் கடமை இது. அந்தக் கரையில் நின்று ஒரு கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். மகனில்லாத தகப்பனுக்காக யார் வருவார்? பிள்ளையே இல்லாத தாயை யார் நினைப்பார்?

இது சைவர்களின் கேள்வி மட்டுமன்று. நவம்பர் 2ஆம் திகதி நாங்கள் சேமக்காலைக்குப் போகிறோம். கல்லறைகளைக் கழுவி, பூ வைத்து, மெழுகுதிரி ஏற்றுகிறோம். அந்த வேளையில் பிள்ளைகளில்லாத கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வது எதற்காக என்று நினைத்துப் பார்த்திருக்கிறீர்களா? "எங்களுக்குப் பிறகு எங்களுடைய கல்லறைக்கு யார் திரி கொண்டுவருவார்?" என்பதே அவர்கள் வாய்விட்டுச் சொல்லாத கேள்வி. இவ்வாரம் அவர்களைப் பற்றி நாம் படிப்போம். அவர்களுடைய துன்பத்தில் ஒரு பங்கு உடலிலிருந்து வருகிறது. மறு பங்கு எங்கள் நாவிலிருந்து வருகிறது. முதற் பங்கை வைத்தியர் பார்க்கட்டும். மறு பங்கை நீக்குவது நம் ஒவ்வொருவருடைய கையிலும் இருக்கிறது.

சொல்லும் பழியும்

கீரி முகத்தோடு இருந்த நகுல முனிவர் இங்கே நீராடிக் குறை நீங்கப் பெற்றார் என்பதும், குதிரை முகத்தோடு வந்த மாருதப்புரவீகவல்லி என்ற அரசிளங்குமரி நலமடைந்தாள் என்பதும் கீரிமலையின் ஐதீகங்கள். குறையோடு வந்த இருவரையும் அந்தக் கதைகள் பழிக்கவில்லை. நாங்களோ பிள்ளை பிறவாத பெண்ணை ஒரு கொடிய சொல்லால் அழைக்கிறோம். அதே சொல்லின் ஆண்பால் மொழியில் இருந்தாலும், அது எங்கள் வாயில் வருவதில்லை. பூப்பு நீராட்டில் முன்னுக்கு நிற்க அவளை அழைப்பதில்லை. கலியாண வீட்டில் "இன்னும் ஒன்றுமில்லையா?" என்று எல்லோரும் கேட்கக் கேட்கிறோம். மாமியார், "அவனுக்கு வேறு இடம் பார்த்திருக்கலாம்" என்கிறார். இவற்றையெல்லாம் செய்துவிட்டு ஞாயிற்றுக்கிழமை அவளுக்குப் பக்கத்தில் முழந்தாளிட்டு மன்றாடுகிறோம்.

வேதாகமம் காட்டும் பாடம்

சாராள், ரெபேக்காள், ராக்கேல், அன்னாள், எலிசபெத்து ஆகிய அனைவரும் நெடுங்காலம் பிள்ளைக்காக ஏங்கியவர்கள். சாமுவேல் முதலாம் ஆகமத்தின் முதல் அதிகாரத்தை இன்றிரவு குடும்பமாக வாசியுங்கள். அன்னாளுக்குப் பிள்ளையில்லை. அவளுடைய கணவனின் மற்ற மனைவியான பெனின்னாள் ஆண்டுதோறும் திருவிழாக் காலத்திலேயே அவளைக் குத்திக் காட்டினாள். கணவன் எல்கானா அன்புள்ளவன்தான். எனினும் தான் பத்துப் பிள்ளைகளிலும் மேலானவன் அல்லவா என்று கேட்டானேயொழிய, அவளுடைய துக்கத்தோடு உட்கார்ந்திருக்க அவனுக்குத் தெரியவில்லை. ஆலயத்திலே அவள் உதடு மட்டும் அசைய மன்றாடியபோது, குருவாகிய ஏலி அவள் குடித்திருக்கிறாள் என்று எண்ணினார். பகைத்தவள், நேசித்தவன், ஆலயத்துக் குரு ஆகிய மூவரும் அவளைப் புரிந்துகொள்ளவில்லை. ஏலி மட்டும், அவள் தன் நிலையை எடுத்துச் சொன்னபோது செவிகொடுத்து, சமாதானத்தோடு அனுப்பிவைத்தார். பிள்ளை பிறக்குமுன்பே, அந்த வார்த்தையைக் கேட்ட பிற்பாடு அவள் உணவு உண்டாள், அவளுடைய முகவாட்டம் நீங்கிற்று என்று ஆகமம் சொல்லுகிறது. ஒருவர் செவிகொடுத்ததனால் விளைந்த நன்மை அது.

அதே பெயரை உடையவர்தான் தேவதாயின் அன்னையான புனித அன்னம்மாள். கீரிமலைக்கு மேற்கே, இளவாலையில் அவருடைய பெயரால் எங்களுக்கு ஆலயம் உண்டு. தலவிலத் திருத்தலத்துக்கும் நீங்கள் போயிருப்பீர்கள். அவரைப் பற்றி வேதாகமத்தில் ஒன்றுமில்லை. இரண்டாம் நூற்றாண்டைச் சேர்ந்த ஒரு பழைய நூலிலிருந்து வந்த மரபே உண்டு. பிள்ளையில்லாதவர் முதலில் காணிக்கை வைக்கலாகாது என்று சொல்லிச் சுவக்கீனைத் தடுத்தார்கள் என்றும், அவர் வெட்கி வனாந்தரத்துக்குப் போனார் என்றும், தோட்டத்து மரத்தில் குருவிக்கூட்டைக் கண்ட அன்னம்மாள் அழுதார் என்றும் அந்நூல் கூறுகிறது. பிள்ளை வேண்டி அன்னம்மாளிடம் ஓடுகிற நாங்கள், அவரை ஒதுக்கியவர்களின் வேலையைச் செய்யலாமா?

யூத மக்கள் செய்தது என்ன?

அன்னாளின் இந்த வரலாற்றை யூதர்கள் தங்கள் புத்தாண்டுப் பெருநாளில் செபக்கூடங்களில் இன்றும் வாசிக்கிறார்கள். பலுகிப் பெருகுவதை முதற் கட்டளையாக மதிக்கும் மக்கள் அவர்கள். ஓய்வுநாள் இரவில் பிள்ளைகளின் தலையில் கைவைத்து ஆசீர்வதிப்பது அவர்களுடைய வழக்கம். ஆகவே பிள்ளையில்லாத வீட்டில் அந்த இரவு எவ்வளவு பாரமாயிருக்கும் என்பதை நாம் ஊகிக்கலாம்.

அந்தப் பாரத்தைக் கண்டு சிலர் எழுந்தார்கள். 1990இல் எருசலேமில் 'பூவா' என்ற நிலையம் தொடங்கப்பட்டது. யாத்திராகமத்தில் எபிரேயக் குழந்தைகளைக் காப்பாற்றிய மருத்துவச்சி ஒருத்தியின் பெயர் அது. வைத்தியம் பற்றியும் சமய நெறி பற்றியும் தம்பதிகளுக்கு ஒரே இடத்தில் ஆலோசனை வழங்குவது அதன் பணி. அமெரிக்காவிலும் யூதக் குடும்பங்களுக்கென இத்தகைய சங்கங்கள் உள்ளன. அதற்கு முன்னரே, 1974இல், பார்பரா மெனிங் என்ற அமெரிக்கத் தாதி, தாமே பிள்ளைப்பேறின்மையால் வருந்தியவர், ஒத்த துன்பமுள்ளவர்களைக் கூட்டி 'ரிசோல்வ்' என்ற சங்கத்தைத் தொடங்கினார். அவர்கள் கையாளும் வைத்திய முறைகள் எல்லாவற்றையும் திருச்சபை ஏற்பதில்லை. ஆனால் மறைவில் அழுதவர்களைக் கூட்டி, "நீங்கள் தனியே இல்லை" என்று சொன்ன அந்தச் செயலை நாம் கற்றுக்கொள்ளலாம்.

வைத்தியர் சொல்வது

தம்பதிகள் ஒரு வருடம் சேர்ந்து வாழ்ந்தும் கருத்தரிக்காவிட்டால் வைத்தியரிடம் போகவேண்டும். மனைவிக்கு 35 வயது கடந்திருந்தால் ஆறு மாதத்துக்கு மேல் காத்திருக்கக் கூடாது. வாழ்நாளில் ஆறு பேரில் ஒருவர் அளவில் இந்த நிலையை அனுபவிக்கிறார்கள் என்று உலக சுகாதார நிறுவனம் 2023இல் அறிவித்தது. எனவே உங்கள் உறவினருக்குள்ளும் பங்குக்குள்ளும் இவர்கள் இருக்கிறார்கள் என்பதில் ஐயமில்லை.

காரணம் எப்போதும் பெண்ணிடத்தில் என்பது பெரும் பிழை. ஏறத்தாழ அரைவாசி இடங்களில் ஆணின் பக்கத்திலும் காரணம் காணப்படுகிறது. விதைப்பையில் நரம்பு புடைத்தல், வயதுவந்த பின் வரும் கூகைக்கட்டு, புகைத்தல், குடி ஆகியவை ஆணின் வித்தைக் குறைக்கக்கூடும். பெண்ணுக்குச் சூல் முதிர்வதில் ஒழுங்கின்மை, தொற்றினால் அல்லது காசநோயினால் கருக்குழாய் அடைபடுதல், கருப்பைப் படலம் வெளியே வளர்தல், தைரொயிட் சுரப்பிக் கோளாறு என்பன காரணமாகலாம். சில வேளை இருவரிடத்திலும் ஒரு குறையும் காணப்படாது. ஆணுக்குரிய முதற் பரிசோதனை பெண்ணுக்குரியவற்றைவிட மிக இலகுவானது. அப்படியிருக்க, மனைவியை மட்டும் வைத்தியம் வைத்தியமாக அலைக்கழித்துக் கணவன் வீட்டிலிருப்பது நீதியா? இருவரும் ஒன்றாகப் போங்கள்.

எங்கள் மண்ணுக்கென்று வேறொரு வரலாறும் உண்டு. 1990இல் கீரிமலையை உள்ளடக்கிய வலிகாமம் வடக்கு மக்கள் இடம்பெயர்ந்து, வருடக்கணக்கில் முகாம்களிலும் உறவினர் வீடுகளிலும் வாழ்ந்தார்கள். கலியாணம் தள்ளிப்போன பெண்களும், வெளிநாடு போன கணவனுக்காகக் காத்திருந்த மனைவியரும் பலர். வயதும் பிரிவும் கருத்தரிப்பைக் கடினமாக்கும். போர் எடுத்துக்கொண்ட வருடங்களுக்கு அந்தப் பெண்ணையா குற்றஞ்சாட்டுவது?

திருச்சபை சொல்வது

1978 யூலை 25ஆம் திகதி இங்கிலாந்தில் லூயிஸ் பிரவுண் என்ற முதலாவது சோதனைக்குழாய்க் குழந்தை பிறந்தது. அப்போது வெனிஸ் நகரின் கர்தினாலாயிருந்து, மறுமாதம் பாப்பரசர் முதலாம் அருளப்பர் சின்னப்பராகத் தெரிவான லூச்சியானி, அந்த முறை பற்றித் தமக்கிருந்த ஐயங்களைச் சொன்னார். ஆயினும் குழந்தையை வாழ்த்தினார். பெற்றோரைக் கண்டிக்க மறுத்தார். கொள்கையில் உறுதியும் மனிதரிடத்தில் இரக்கமும் எப்படி ஒன்றாயிருக்கலாம் என்பதற்கு இது நல்ல மாதிரி.

1987இல் திருச்சபை தன் போதனையை விரிவாக வெளியிட்டது. பிள்ளை கடவுளின் கொடை. நாம் உரிமையோடு கேட்டு வாங்கும் பொருளன்று. கணவன் மனைவியின் உடலுறவுக்கு உதவி செய்யும் வைத்தியம் நல்லது; அதன் இடத்தைப் பிடித்துக்கொண்டு ஆய்வுகூடத்தில் உயிரை உருவாக்கும் முறையைத் திருச்சபை ஏற்பதில்லை. அங்கே உருவாகும் கருக்கள் அழிக்கப்படுவதும் உறையவைக்கப்படுவதும் அதற்கு மேலுமொரு காரணம். ஆனால் செய்யக்கூடியவை பல. சூலை முதிரச் செய்யும் மருந்து, குழாய் அடைப்பை நீக்கும் சத்திரசிகிச்சை, ஆணின் நரம்புப் புடைப்புக்குச் சிகிச்சை, கருத்தரிக்கக்கூடிய நாட்களை அறிய உதவும் பில்லிங்ஸ் முறை ஆகியவற்றுக்குத் தடையில்லை. ஐயமிருந்தால் பங்குத்தந்தையிடம் அச்சமின்றிக் கேளுங்கள். சோதனைக்குழாய் முறையால் பிறந்த பிள்ளையும் கடவுளின் சாயலே. அப்பிள்ளையைப் பற்றித் தாழ்வாகப் பேசுவது பாவம்.

ஒன்றை மறக்கலாகாது. வேதாகமத்தில் பெயர் சொல்லப்பட்ட அந்தப் பெண்களின் கதைகள் பிள்ளைப்பேற்றில் முடிகின்றன. எங்களுக்குள் பலருடைய கதை அப்படி முடிவதில்லை. அவர்களுடைய செபம் குறைந்தது என்று எவரும் சொல்லவேண்டாம். பிறவிக் குருடனைக் குறித்து, யார் செய்த பாவம் என்று சீடர்கள் கேட்டபோது, அவனுமல்ல, பெற்றோருமல்ல என்றார் ஆண்டவர். பிள்ளை பிறவாவிட்டாலும் திருமணம் தன் மதிப்பை இழப்பதில்லை என்று பாப்பரசர் இரண்டாம் அருளப்பர் சின்னப்பர் 1981இல் குடும்பத்தைப் பற்றிய மடலில் எழுதினார். பிள்ளைகளை ஏற்று வளர்த்தலும், கல்விப் பணியும், பிற குடும்பங்களுக்கு உதவுதலும் அவர்களுக்குத் திறந்திருக்கும் வாசல்கள்.

மகவேற்பு எங்களுக்குப் புதிதன்று

"பிறத்தியார் பிள்ளை எங்கள் இரத்தமாகுமா?" என்று கேட்போர் தேசவழமையைப் பார்க்கட்டும். 1707இல் ஒல்லாந்த அதிகாரி கிளாஸ் ஐசாக்ஸ் தொகுத்து, 12 தமிழ் முதலியார்கள் பார்த்து ஒப்புக்கொண்ட அந்த நூலிலேயே மகவேற்பு சொல்லப்பட்டிருக்கிறது. முதுசத்துக்கு உரித்தான உறவினரின் சம்மதத்தோடு, அவர்கள் முன்னிலையில் மஞ்சள் நீர் பருகிப் பிள்ளையை ஏற்றுக்கொண்டார்கள். அச்சடங்கு மறைந்துபோயிற்று. இன்று 1941ஆம் ஆண்டின் மகவேற்புக் கட்டளைச் சட்டப்படி நீதிமன்றக் கட்டளை பெறவேண்டும். நன்னடத்தை, சிறுவர் பராமரிப்பு அலுவலர்களிடம் முதலில் விசாரியுங்கள். கையிலிருந்து கைக்குப் பிள்ளை வாங்கும் குறுக்குவழி வேண்டாம். அது பெற்ற தாய்க்கும் பிள்ளைக்கும் அநீதியாகலாம். ஏற்ற பிள்ளைக்கு உண்மையை அன்போடு சிறு வயதிலேயே சொல்லுங்கள். ஊரார் சொல்லி அறிவது கொடுமை.

மகவேற்க விரும்பாதவரும் உண்டு. அவர்களையும் வற்புறுத்தவேண்டாம்.

நாம் செய்யவேண்டியவை

கேட்காத கேள்வியே முதல் உதவி. தம்பதிகளாகச் சொன்னால் கேளுங்கள், சொல்லாவிட்டால் விடுங்கள். உங்கள் பிள்ளைக்கு ஞானத்தாயாக, ஞானத்தந்தையாக அவர்களைத் தேர்ந்துகொள்ளுங்கள். நல்ல காரியங்களில் அவர்களை முன்னுக்கு நிறுத்துங்கள். யாராவது அவர்களைக் குத்திப் பேசினால், அவர்கள் சார்பில் நீங்கள் வாய் திறவுங்கள். அன்னை தினத்தில் கோவிலில் பூக் கொடுக்கும்போது, பிள்ளையில்லாத பெண்ணைத் தாண்டிப் போகாதீர்கள். நவம்பரில் சேமக்காலைக்குப் போகும்போது ஒரு திரி கூடுதலாகக் கொண்டுபோய், திரியில்லாத கல்லறையொன்றில் ஏற்றுங்கள்.

குடும்பமாகச் சிந்திக்க:

1. அன்னாளின் வரலாற்றில் வரும் பெனின்னாள், எல்கானா, ஏலி ஆகிய மூவரில் நாங்கள் யாரைப்போல் நடந்துகொள்ளுகிறோம்?

2. எங்கள் வீட்டுச் சடங்குகளில் பிள்ளையில்லாதவர்களை ஒதுக்கும் வழக்கம் உண்டா? அதை இவ்வருடமே விட்டுவிட முடியுமா?

3. எங்கள் பங்கில் பிள்ளைக்காக ஏங்கும் தம்பதிகள் மனம்விட்டுப் பேச இடமுண்டா? இல்லையெனில், அதை யார் தொடங்குவது?