லைசென்ஸ் இருக்கிறது, எந்த வண்டிக்கு?

உங்கள் மொபைல் போனில் ஒரு புதிய அப்ளிகேஷனை நிறுவுகிறீர்கள். கேமராவைப் பயன்படுத்த ஒரு அனுமதி கேட்கிறது. மைக்குக்கு இன்னொரு அனுமதி கேட்கிறது. கேமராவுக்கு 'சரி' என்று கொடுத்தால் மைக் தானாகத் திறந்துவிடாது. ஓட்டுநர் உரிமமும் இப்படித்தான் வேலை செய்கிறது. 'லைசென்ஸ் இருக்கிறதா?' என்பது பாதிக் கேள்விதான். 'எந்த வகுப்புக்கு, எந்தத் தேதி வரை?' என்பதையும் சேர்த்துக் கேட்டால்தான் முழுக் கேள்வி.

எங்கள் ஊர் சிதறால். விடுமுறையில் வீட்டுக்கு வந்தால் 'லேப்டாப் வைத்திருக்கிறானே' என்று அக்கம்பக்கத்தில் உள்ளவர்கள் லைசென்ஸ் விண்ணப்பத்தோடு வந்துவிடுவார்கள். மென்பொருள் துறையில் வேலை பார்க்கும் எனக்கும் இந்தப் படிவங்களை நிரப்பி நிரப்பி ஓரளவு பழகிவிட்டது. பெரும்பாலோர் தடுமாறுவது கம்ப்யூட்டரில் அல்ல, வகுப்பைத் தேர்வு செய்யும் இடத்தில்தான். எனவே முதலில் வகுப்புகளைப் பார்த்துவிட்டு, பிறகு இணைய தளத்துக்குப் போகலாம்.

வகுப்புகள் என்னென்ன?

மோட்டார் வாகனச் சட்டம், 1988-ன் 10-வது பிரிவு இந்த வகுப்புகளைச் சொல்கிறது. வீட்டு உபயோகத்துக்கும் சிறு தொழிலுக்கும் தேவைப்படுபவை நான்கு.

1. எம்.சி.டபிள்யூ.ஓ.ஜி. - கியர் இல்லாத இரு சக்கர வாகனம். ஸ்கூட்டர், மொபெட் போன்றவை.

2. எம்.சி.டபிள்யூ.ஜி. - கியர் உள்ள இரு சக்கர வாகனம். பைக் ஓட்ட வேண்டுமானால் இதுதான் தேவை. ஸ்கூட்டருக்கு மட்டும் உரிமம் எடுத்தவர் கியர் பைக்கை ஓட்டக் கூடாது.

3. எல்.எம்.வி. - இலகு ரக வாகனம். கார், ஜீப் மட்டும்தான் என்று பலர் நினைக்கிறார்கள். சட்டத்தின் 2(21) பிரிவு எடையை வைத்துத்தான் இதை வரையறுக்கிறது. கார், டிராக்டர் என்றால் வெற்று எடை 7,500 கிலோவுக்குள் இருக்க வேண்டும். சரக்கு அல்லது பயணிகள் வண்டி என்றால் சுமையோடு சேர்த்த மொத்த எடை 7,500 கிலோவுக்குள் இருக்க வேண்டும்.

4. டிரான்ஸ்போர்ட் - போக்குவரத்து வாகனம். 1994-ம் ஆண்டுக்கு முன் நடுத்தர சரக்கு, நடுத்தர பயணிகள், கனரக சரக்கு, கனரக பயணிகள் என நான்கு வகுப்புகள் தனித்தனியாக இருந்தன. அந்த ஆண்டு வந்த திருத்தம் நான்கையும் எடுத்துவிட்டு இந்த ஒரே வகுப்பை வைத்தது.

இவை தவிர மாற்றுத் திறனாளிகளுக்காக மாற்றி அமைக்கப்பட்ட வாகனம், ரோடு ரோலர் போன்றவற்றுக்கும் தனி வகுப்புகள் உண்டு.

டாடா ஏஸ் ஓட்ட பேட்ஜ் வேண்டுமா?

"மக்களே, வாடகைக்கு டாடா ஏஸ் ஓட்டணும்னா தனியா பேட்ஜ் எடுக்கணுமா?" என்று எங்கள் தெருவில் ஒருவர் கேட்டார். ரப்பர் ஷீட்டும் தேங்காயும் ஏற்றி மார்த்தாண்டத்துக்கு ஓடும் சிறிய வண்டிகள் எங்கள் பகுதியில் ஏராளம். எனவே இது பலருடைய பிழைப்பைத் தொடும் கேள்வி.

இந்தக் கேள்வி உச்ச நீதிமன்றம் வரை போய் வந்திருக்கிறது. 2017-ல் முகுந்த் தேவாங்கன் வழக்கில், 7,500 கிலோவுக்கு உட்பட்ட போக்குவரத்து வாகனத்தை ஓட்ட எல்.எம்.வி. உரிமமே போதும் என்று தீர்ப்பு வந்தது. காப்பீட்டு நிறுவனங்கள் இதை மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்றன. ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, 2024 நவம்பர் 6 அன்று ரம்பா தேவி வழக்கில் அதே முடிவை உறுதி செய்தது. டாடா ஏஸ் இந்த வரம்புக்குள் வெகு சாதாரணமாக அடங்கிவிடும். எனவே அவருக்கு எல்.எம்.வி. உரிமமே போதும்.

ஆனால் இரண்டு விஷயங்களைக் கவனிக்க வேண்டும். வண்டியின் தோற்றத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஆர்.சி. புத்தகத்தில் மொத்த எடை கிலோ கணக்கில் இருக்கும். அது 7,500-க்கு மேல் போனால் டிரான்ஸ்போர்ட் வகுப்பு கட்டாயம். களியக்காவிளை வழியாகக் கேரளத்துக்குக் கல்லும் மணலும் கொண்டு செல்லும் டாரஸ் லாரிகள் எல்லாம் இந்த வகை. அடுத்து, இ-ரிக்‌ஷா, அபாயகரமான பொருள்களை ஏற்றும் வண்டி ஆகியவற்றுக்கான தனி விதிகள் இந்தத் தீர்ப்புக்குப் பிறகும் அப்படியே இருக்கின்றன.

இது ஏன் இவ்வளவு முக்கியம்? விபத்து நடந்தால்தான் தெரியும். ஓட்டியவரிடம் சரியான உரிமம் இல்லாவிட்டாலும், பாதிக்கப்பட்டவருக்குக் காப்பீட்டு நிறுவனத்தை முதலில் பணம் கொடுக்கச் சொல்லி, பிறகு அதை வண்டியின் உரிமையாளரிடம் வசூலித்துக்கொள்ள நீதிமன்றம் அனுமதிக்கலாம். 2004-ல் வந்த ஸ்வரண் சிங் வழக்கின் தீர்ப்பு இதைத் தெளிவாக்கியது. உரிமையாளர் தெரிந்தே விட்டாரா, கவனக்குறைவாக இருந்தாரா என்பதை நிறுவனம் நிரூபிக்க வேண்டும் என்றும் அந்தத் தீர்ப்பு சொல்கிறது. வண்டியை ஒருவர் கையில் கொடுக்கும் முன் அவருடைய உரிமத்தைப் பார்த்தீர்களா என்பது, நாளைக்கு உங்கள் வீடும் நிலமும் உங்களிடம் இருக்குமா என்ற கேள்வியாக மாறிவிடக் கூடும்.

வயது எவ்வளவு?

பொதுவாக 18 வயது நிறைந்திருக்க வேண்டும். டிரான்ஸ்போர்ட் வகுப்புக்கு 20 வயது. அதோடு எல்.எம்.வி. உரிமம் எடுத்துக் குறைந்தது ஓர் ஆண்டு ஆகியிருந்தால்தான் டிரான்ஸ்போர்ட் வகுப்புக்கு எல்.எல்.ஆர். கிடைக்கும். அங்கீகாரம் பெற்ற பயிற்சிப் பள்ளியின் சான்றிதழும் வேண்டும்.

16 வயதில் பெற்றோர் சம்மதத்தோடு உரிமம் எடுக்கலாம் என்பது உண்மைதான். ஆனால் அது 50 சி.சி.க்கு மேற்படாத, கியர் இல்லாத வண்டிக்கு மட்டும். எக்ஸ்.எல். 100 வண்டியின் என்ஜின் 99.7 சி.சி., ஆக்டிவா சுமார் 110 சி.சி. எனவே பிளஸ் டூ படிக்கும் பிள்ளைக்கு அந்த உரிமம் இருந்தாலும் வீட்டில் நிற்கும் ஸ்கூட்டரை ஓட்ட முடியாது. மீறி ஓட்டினால் 199ஏ பிரிவின்படி பெற்றோருக்கோ வண்டி உரிமையாளருக்கோ 25,000 ரூபாய் அபராதமும் மூன்று ஆண்டு வரை சிறையும் கிடைக்கலாம். வண்டியின் பதிவு ஓராண்டுக்கு ரத்தாகும். அந்தப் பிள்ளைக்கு 25 வயது வரை உரிமம் கிடைக்காது.

பேட்டரி வண்டியில் ஒரு விதிவிலக்கு உண்டு. மோட்டார் திறன் 250 வாட்ஸுக்குக் குறைவாகவும், வேகம் மணிக்கு 25 கிலோமீட்டருக்குக் குறைவாகவும், பேட்டரி நீங்கலான எடை 60 கிலோவுக்குக் குறைவாகவும் உள்ள வண்டி, விதிகளில் உள்ள மற்ற நிபந்தனைகளுக்கும் உட்பட்டால், மோட்டார் வாகனமாகவே கருதப்படாது. அதற்கு உரிமம் தேவையில்லை. அதைவிட வேகமாக ஓடும் எலெக்ட்ரிக் ஸ்கூட்டர்களுக்கு உரிமம் வேண்டும்.

சாரதி தளத்தில் விண்ணப்பிக்கும் முறை

இந்தியா முழுவதும் ஓட்டுநர் உரிமங்களைக் கையாளும் மென்பொருளுக்கு 'சாரதி' என்று பெயர். வண்டிப் பதிவுக்கு 'வாஹன்'. இரண்டையும் உருவாக்கியது தேசியத் தகவலியல் மையம். தேடுபொறியில் 'பரிவாஹன் சாரதி' என்று தேடினால் இடைத்தரகர்களின் தளங்களும் வந்து நிற்கும். முகவரி 'கவ் டாட் இன்' என்று முடிகிறதா என்று பார்த்த பிறகே உள்ளே செல்லுங்கள்.

1. மாநிலப் பட்டியலில் தமிழ்நாட்டைத் தேர்வு செய்யுங்கள். எல்.எல்.ஆர். விண்ணப்பத்துக்கான இணைப்பைக் கிளிக் செய்யுங்கள்.

2. பெயர், பிறந்த தேதி, முகவரி ஆகியவற்றைக் கொடுங்கள். நம் ஊரில் இனிஷியல்தான் பெரிய தலைவலி. ஆதாரில் இனிஷியல் பின்னால் இருக்கும், மார்க் ஷீட்டில் முன்னால் இருக்கும், பாஸ்போர்ட்டில் அப்பா பெயர் முழுதாக இருக்கும். எந்த ஆவணத்தைச் சான்றாகக் கொடுக்கப் போகிறீர்களோ, அதில் உள்ளபடியே எழுத்து மாறாமல் தட்டச்சு செய்யுங்கள்.

3. அடுத்து வகுப்புப் பட்டியல் வரும். இடப் பக்கம் உள்ள பெட்டியில் வேண்டிய வகுப்பைத் தேர்வு செய்து, அம்புக்குறி பட்டனை அழுத்தி வலப் பக்கப் பெட்டிக்குக் கொண்டு செல்லுங்கள். பைக், கார் இரண்டும் ஓட்டப் போகிறீர்கள் என்றால் இரண்டையும் இப்போதே சேர்த்துவிடுங்கள். பிறகு சேர்க்க வேண்டுமானால் மீண்டும் எல்.எல்.ஆர். எடுப்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

4. ஆவணங்கள், புகைப்படம், கையெழுத்து ஆகியவற்றை அப்லோட் செய்யுங்கள். பைல் அளவு கூடினால் தளம் ஏற்காது. விண்டோஸில் உள்ள பெயின்ட் புரோகிராமில் படத்தைத் திறந்து, ரீசைஸ் பகுதியில் அளவைக் குறைத்து, ஜேபெக் பைலாகச் சேமித்தால் போதும்.

5. கட்டணம் செலுத்தி, தேதியை முன்பதிவு செய்யுங்கள். விண்ணப்ப எண்ணைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். பாதியில் மின்சாரம் போனாலும் அந்த எண்ணை வைத்து விட்ட இடத்திலிருந்து தொடரலாம்.

மத்திய விதிகளின்படி எல்.எல்.ஆருக்கு ஒவ்வொரு வகுப்புக்கும் 150 ரூபாய், அதற்கான தேர்வுக்கு 50 ரூபாய். ஓட்டுநர் தேர்வுக்கு ஒவ்வொரு வகுப்புக்கும் 300 ரூபாய், உரிம அட்டைக்கு 200 ரூபாய். மாநில அரசின் சேவைக் கட்டணம் தனி. 40 வயதைக் கடந்தவர்களும் டிரான்ஸ்போர்ட் வகுப்புக்கு விண்ணப்பிப்பவர்களும் படிவம் 1ஏ-யில் மருத்துவச் சான்றிதழ் தர வேண்டும்.

சிதறால்காரர்களுக்கு அருகில் உள்ளது மார்த்தாண்டம் வட்டாரப் போக்குவரத்து அலுவலகம். அதன் குறியீடு டி.என். 75. நாகர்கோவிலுக்கு டி.என். 74. உரிம எண்ணில் முதலில் இந்தக் குறியீடும், அடுத்து முதன்முதலில் உரிமம் வழங்கிய ஆண்டும், கடைசியில் ஏழு இலக்க வரிசை எண்ணும் இருக்கும்.

எல்.எல்.ஆருக்குப் பிறகு

எல்.எல்.ஆர். ஆறு மாதம் செல்லும். கிடைத்த 30 நாட்களுக்குப் பிறகு ஓட்டுநர் தேர்வுக்கு விண்ணப்பிக்கலாம். அதுவரை வண்டியின் முன்னும் பின்னும் வெள்ளைப் பின்னணியில் சிவப்பு 'எல்' எழுத்து இருக்க வேண்டும். கார் என்றால் உரிமம் உள்ள ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும். பைக்கில் உங்களுக்குச் சொல்லிக் கொடுப்பவரைத் தவிர வேறு யாரையும் பின்னால் ஏற்றக் கூடாது.

தேர்வில் இரு சக்கர வண்டிக்கு 'எட்டு' போடச் சொல்வார்கள். எந்த வகுப்புக்கு விண்ணப்பித்தீர்களோ அந்த வகை வண்டியைத்தான் கொண்டு போக வேண்டும். தேர்ச்சி பெற்றதும் அட்டை கையில் தரப்படாது. 2024 பிப்ரவரி முதல் தமிழ்நாட்டில் விரைவு அஞ்சலில்தான் வருகிறது. எனவே முகவரியும் மொபைல் எண்ணும் சரியாக இருப்பது அவசியம்.

எந்தத் தேதி வரை?

2019 செப்டம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள கணக்கு இது. 30 வயது நிறையும் முன் எடுத்தால் 40 வயது வரை செல்லும். 30 முதல் 50 வயதுக்குள் எடுத்தால் 10 ஆண்டு. 50 முதல் 55-க்குள் எடுத்தால் 60 வயது வரை. அதற்கு மேல் 5 ஆண்டு. டிரான்ஸ்போர்ட் வகுப்புக்கு எந்த வயதிலும் 5 ஆண்டுதான். எனவே ஒரே அட்டையில் இரண்டு தேதிகள் இருக்கலாம். லாரி ஓட்டுபவர் கார் தேதியைப் பார்த்துவிட்டு நிம்மதியாக இருந்துவிடக் கூடாது.

முன்பு காலாவதி ஆன பிறகும் 30 நாட்கள் உரிமம் செல்லும் என்ற சலுகை இருந்தது. 2019 திருத்தத்தில் அது நீக்கப்பட்டுவிட்டது. காலாவதி ஆவதற்கு ஓராண்டு முன்பிருந்தே புதுப்பிக்கலாம். காலாவதி ஆகி ஓராண்டைத் தாண்டிவிட்டால் மீண்டும் ஓட்டிக் காட்ட வேண்டும். உரிமம் இல்லாமல் ஓட்டினால் அபராதம் 5,000 ரூபாய். வண்டியைக் கொடுத்தவருக்கும் அதே 5,000 ரூபாய்.

வளைகுடா நாடுகளுக்குப் போகிறவர்கள் எங்கள் மாவட்டத்தில் அதிகம் என்பதால் இதையும் சொல்லிவிடுகிறேன். சர்வதேச ஓட்டுநர் அனுமதிக்கு 1,000 ரூபாய், ஓராண்டு செல்லும். அது சுற்றிப் பார்க்கப் போகிறவர்களுக்குத்தான் உதவும். ஐக்கிய அரபு அமீரகத்தில் குடியிருப்பு விசா பெற்று வேலை பார்ப்பவர் அந்த நாட்டு உரிமம் எடுக்க வேண்டும்.

இப்போதே சோதித்துப் பாருங்கள்

டிஜிலாக்கர் அல்லது எம்பரிவாஹன் அப்ளிகேஷனில் உங்கள் உரிமத்தை இறக்கி வையுங்கள். 2018 முதல் போலீசாரிடம் இவற்றைக் காட்டினால் செல்லும். அபராதம் கட்டச் சொல்லி வாட்ஸ் அப்பில் வரும் ஏ.பி.கே. பைல்களை மட்டும் திறக்கவே திறக்காதீர்கள். அவை பணம் பறிப்பதற்காக அனுப்பப்படுபவை.

உங்கள் வண்டிக்கு டிரைவர் வைத்திருந்தால் அவருடைய உரிம எண்ணையும் பிறந்த தேதியையும் வாங்கி, பரிவாஹன் தளத்தில் விவரத்தைப் பாருங்கள். வகுப்பு, தேதி இரண்டையும் ஆர்.சி.யில் உள்ள எடையோடு ஒப்பிட்டு, அந்தப் பக்கத்தை அச்செடுத்து வண்டிப் பேப்பர்களோடு வையுங்கள். உரிமையாளர் கவனக்குறைவாக இருக்கவில்லை என்று நாளை காட்ட வேண்டி வந்தால், அந்த ஒரு தாள் கைகொடுக்கும்.