கரோனா மவுசை நம்பி பிஎச்.டி. சேரலாமா?

எம்ஆர்என்ஏ ஆய்வுக்கு நிதி கிடைப்பது ஒரு காலத்தில் குதிரைக்கொம்பு. அதை விடாப்பிடியாகச் செய்துவந்த காத்தலின் கரிக்கோவை 1995இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகம் பதவி இறக்கியது. 2020 இறுதியில் ஃபைசர்-பயோஎன்டெக்கின் எம்ஆர்என்ஏ கரோனா தடுப்பூசி வந்ததும் காட்சி தலைகீழ். 2023இல் சக ஆய்வாளர் ட்ரூ வைஸ்மனோடு கரிக்கோவுக்கு நோபல். உயிரியல் மாணவர்களின் கண் அந்தப் பக்கம் திரும்பியது. 2025 ஆகஸ்டிலோ, ஏறக்குறைய 50 கோடி டாலர் பெறுமான 22 எம்ஆர்என்ஏ தடுப்பூசித் திட்டங்களை நிறுத்துவதாக அமெரிக்க அரசு அறிவித்தது.

ஐந்தே ஆண்டில் இத்தனை ஏற்ற இறக்கம் என்றால், எதை நம்பிப் படிப்பது?

தொழில்நுணுக்கத்தைப் பிடியுங்கள். தடுப்பூசிக்கு மவுசு போகலாம். அதற்குள் இருக்கும் வேலைகளுக்குப் போகாது. ஆர்என்ஏவைத் தயாரிப்பது, கூடவே உருவாகும் இரட்டை இழைக் கசடை நீக்குவது, நுண்ணிய கொழுப்புத் துகளுக்குள் அடைப்பது என்று ஒவ்வொன்றும் தனிக் கைத்திறன். 2018லேயே அமெரிக்காவில் அனுமதி பெற்ற பாடிசிரான் என்ற நரம்புநோய் மருந்தும் கொழுப்புத் துகளில் ஏறித்தான் உடலுக்குள் போகிறது.

முட்டுக்கட்டை எங்கே என்று பாருங்கள். ஃபைசர் தடுப்பூசியை முதலில் மைனஸ் 70 டிகிரியில் வைக்க வேண்டியிருந்தது. நம் ஆரம்ப சுகாதார நிலையத்து ஐ.எல்.ஆர். என்ற குளிர்பெட்டி தருவது 2 முதல் 8 டிகிரி. புனேயின் ஜென்னோவா தன் எம்ஆர்என்ஏ தடுப்பூசியை உறைய வைத்து உலர்த்தி, அந்தப் பெட்டிக்கே ஏற்றதாக்கியது. 2022 ஜூனில் அனுமதியும் பெற்றது. இப்படிப்பட்ட சிக்கலை அவிழ்க்கத் தெரிந்தவருக்கு எந்த மருந்து நிறுவனத்திலும் இடம் உண்டு.

லேப் பூட்டினாலும் ஓடும் வேலை ஒன்று வேண்டும். 2020 ஊரடங்கில் செல் கல்ச்சரையும் எலிகளையும் மட்டும் நம்பியவர்கள் முடங்கினார்கள். மரபணு வரிசைத் தரவை அலசத் தெரிந்தவர்களுக்கு வீட்டு லேப்டாப் போதுமானதாக இருந்தது. ஆகவே பைத்தான் அல்லது ஆர், கூடவே கொஞ்சம் புள்ளியியல். 2021இல் வந்த ஆல்ஃபாஃபோல்ட் புரத வடிவத் தரவுத்தளம் இலவசம், இன்றே தொடங்கலாம்.

சேரும் முன் கைடிடம் கேளுங்கள். ப்ராஜெக்ட் நிதி எந்த ஆண்டு முடிகிறது? நடுவில் நின்றால் மாற்றுத் தலைப்பு என்ன? இங்கே படித்து முடித்தவர்கள் இப்போது எங்கே வேலை பார்க்கிறார்கள்? மூன்றாவது கேள்வியை லேபில் இருக்கும் சீனியர்களிடமும் தனியாகக் கேளுங்கள். இரண்டு பதிலும் ஒத்துப்போனால் சேருங்கள். மழுப்பினால், நோபல் வாங்கிய துறையே ஆனாலும் வேறு லேப் பாருங்கள்.