காளானும் காலமும்

சேலம், நாமக்கல் மாவட்டங்களின் சமவெளி, சேர்வராயன் மலைக்கும் கொல்லி மலைக்கும் இடையே பரந்து கிடப்பது. நிலக்கடலையும் சோளமும் மரவள்ளியும் விளையும் அச் செம்மண் நிலத்தில் நல்ல மழை பெய்து சில நாட்கள் கழிந்தபின், கறையான் புற்றுகளின் அருகே வெண்குடைகளை விரித்து வைத்தாற்போலப் புற்றுக்காளான்கள் தோன்றும். முந்திய மாலையில் வெறுந்தரையாக இருந்த இடம், மறுநாள் விடியலில் காளான் நிறைந்து காணப்படும். இடி இடித்ததனால் அவை முளைத்தன என்று சிற்றூர் மக்கள் கூறுவர். நேற்றுப் பெய்த மழைக்கு இன்று முளைத்த காளான் என்னும் பழமொழியும் இக் காட்சியிலிருந்தே பிறந்தது. பிற உயிர்கள் பல நாட்களிற் செய்வதைக் காளான் ஓரிரவிற் செய்துவிடுகிறதா? காலம் அதற்கு மட்டும் விரைந்து ஓடுகிறதா?

இவ் வியப்பிற்கு விடை மண்ணுக்கடியில் இருக்கிறது. கண்ணுக்குத் தோன்றும் குடை, காளானின் முழு உடல் அன்று. மரத்திற்குக் கனி எப்படியோ, அப்படியே காளானுக்குக் குடை. அதன் மெய்யான உடல், நூலினும் நுண்ணிய இழைகளாக மண்ணுள் மறைந்து வாழ்கிறது. புற்றினுள் கறையான்கள் இலைச் சருகையும் மரத்துகளையும் உண்டு, தம் கழிவினால் தேனடை போன்ற அறைகளைக் கட்டுகின்றன. அவற்றின்மீது காளான் இழைகள் படர்கின்றன. கறையானாற் செரிக்க இயலாத மரப்பொருளை இழைகள் பக்குவப்படுத்துகின்றன. கறையான்கள் அதனை உணவாகக் கொள்கின்றன. மனிதன் ஏர் பிடிப்பதற்கு ஏறக்குறைய மூன்று கோடி ஆண்டுகளுக்கு முன்னரே தொடங்கிய உழவு இது.

தக்க ஈரம் கிடைத்ததும் இழைகள் திரண்டு சிறு மொட்டுகளாகின்றன. குடைக்கு வேண்டிய உயிரணுக்களிற் பெரும்பாலானவை மொட்டிலேயே அமைந்துவிடும். மொட்டு நீண்ட காம்பினால் மண்ணைத் துளைத்து மேலே வந்தபின், அவ்வுயிரணுக்கள் நீரை உறிஞ்சிப் பருக்கின்றன, குடை விரிகின்றது. ஆகவே, ஓரிரவில் நிகழ்வது வளர்ச்சியின் இறுதிப் படியே. அதற்கு முந்திய உழைப்பு நெடுநாளையது.

காளானைக் கொண்டு காலத்தை அளந்த புலவர் ஒருவர் பழந்தமிழ் நாட்டில் இருந்தார். பெருந்தலைச் சாத்தனார் குமணனிடம் தம் வறுமையை எடுத்துரைக்கும் புறநானூற்றுப் பாடலில், நெடுநாள் சமையல் இன்மையால் அடுப்பிலே காளான் பூத்திருந்தது என்கிறார். எத்தனை நாள் பட்டினி என்று எண்ணிச் சொல்ல வேண்டிய தேவை அவருக்கு இல்லாமற் போயிற்று.

காளான் இனத்துள் காலத்தைத் தாமே கணிப்பனவும் உண்டு. மாட்டுச் சாணத்தில் வளரும் பைலோபோலஸ் என்னும் சிறு பூஞ்சை, இரவில் தன் வித்துப் பையை உருவாக்கி, முற்பகலில் ஒளி வரும் திசை நோக்கி அதனை எறிகிறது. விரலின் ஒரு கணு உயரமும் இல்லாத அது, பையை இரண்டு மீட்டர் தொலைவு வரை எறிய வல்லது. சாணத்தின் அருகிலுள்ள புல்லை மாடுகள் மேய்வதில்லை. வித்து தூரத்துப் புல்லிற் படிந்தால்தான் மாட்டின் வயிற்றை அடையும். நியூரோஸ்போரா என்னும் மற்றொரு பூஞ்சையை ஒளி சிறிதும் புகாத இடத்தில் வளர்த்தாலும், ஏறத்தாழ 22 மணி நேரத்திற்கு ஒருமுறை அது வித்துக்களைத் தோற்றுவிக்கிறது. கதிரவனைக் காணாமலே பொழுதறியும் கடிகாரம் உயிரினுள் இருப்பதை ஆராய்வதற்கு இப் பூஞ்சை அறிஞர்க்குப் பெரிதும் உதவியது.

நீண்ட காலத்தையும் காளான் அறியும். அமெரிக்க நாட்டின் ஒரிகன் மாநிலக் காட்டில், மரவேர்களைப் பற்றிப் படர்ந்த ஒரே காளான் ஏறத்தாழ ஒன்பது சதுர கிலோமீட்டர் பரப்பில் வாழ்கிறது. அதன் வயது ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகளுக்குக் குறையாது என மதிப்பிடப்பட்டுள்ளது.

இனி, காலத்தாற் கேடு விளைக்கும் பூஞ்சையும் உண்டு. 1960ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் ஒரு நூறாயிரத்திற்கும் மேற்பட்ட வான்கோழிக் குஞ்சுகள் காரணம் தெரியாமல் மடிந்தன. அவற்றின் தீவனத்திற் கலந்த நிலக்கடலைப் பிண்ணாக்கில் பூஞ்சை ஒன்று நஞ்சை உண்டாக்கியிருந்ததை அறிஞர் கண்டறிந்தனர். அஃபிளாடாக்சின் எனப்படும் அந்நஞ்சு ஈரலைக் கெடுப்பது. சமைத்தாலும் முற்றும் அழியாதது. கடலை விளையும் சேலத்திற்கும் கோழிப் பண்ணைகள் மலிந்த நாமக்கல்லுக்கும் இச் செய்தி மிக நெருங்கியது. அறுவடை செய்த கடலையை ஈரத்துடன் மூட்டை கட்டினால், நாட்கள் செல்லச் செல்லப் பூஞ்சை பெருகும். நன்கு வெயிலில் உலர்த்தி, மழைநீர் புகாத இடத்தில் சேமித்தால் அதற்கு இடமில்லை. களத்திற் காட்டும் ஓரிரு நாள் பொறுமை, பண்ணையின் பல நாள் உழைப்பைக் காக்கும்.

காட்டிலே முளைத்த காளான்களை உண்பதிலும் இத்தகைய விழிப்பு வேண்டும். நஞ்சுடைய காளானும் நல்ல காளானும் ஒத்த உருவினவாய் இருத்தல் கூடும். நிறத்தையோ மணத்தையோ கொண்டு அவற்றைப் பிரித்தறிய இயலாது. ஐயுற்றதைத் தொடாது விடுதலே அறிவுடைமை.

குடை மறைந்தாலும் இழை மறைவதில்லை; அடுத்த மழைக்காக அது மண்ணுக்குள் காத்திருக்கிறது. காளானை ஒரு நாள் உயிர் என்று எண்ணுவோர் அதன் ஒரு நாளை மட்டுமே கண்டவராவர்.