ஊரில் எழுதும் ராஜியும் கோர்ட்டில் முடியும் வழக்கும்

மடை திறப்பதில் சண்டை, வரப்பை வெட்டியதில் சண்டை, ஆடு பயிரை மேய்ந்ததில் சண்டை. இவை நம் கிராமங்களுக்குப் புதியன அல்ல. கைகலப்பு முற்றிப் போலீசில் புகார் பதிவாகிறது. பின்னர்த் திருவிழா நெருங்குகையில் பெரியோர் கூடி இரு தரப்பாரையும் சமாதானம் செய்து, முத்திரைத்தாளில் கையொப்பம் பெறுகின்றனர். வழக்கு முடிந்ததென்று யாவரும் கலைந்து செல்கின்றனர். சில மாதங்களில் சம்மன் வருகிறது. அதை மதியாதிருந்தால் பிடிவாரண்டும் வருகிறது. அப்போதுதான் ராஜிப் பத்திரத்தை எடுத்துக்கொண்டு ஊராட்சித் தலைவரிடமும் நம்மிடமும் ஓடி வருகின்றனர்.

கடன் வழக்கில் கொடுத்தவரும் வாங்கியவரும் ஒத்துக்கொண்டால் விஷயம் தீர்ந்தது. குற்ற வழக்கு அத்தகையதன்று. அடிபட்டவர் சாட்சியே, வழக்கை நடத்துவது அரசு. ஆகவே எவ்வெக் குற்றங்களில், யார் ராஜியாகலாம் என்பதைச் சட்டமே வரையறுத்துள்ளது. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 320ஆம் பிரிவாக இருந்த அவ்விதி, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவாக உள்ளது. கையால் அடித்துச் சிறு காயம் உண்டாக்கியிருந்தால், அடிபட்டவரே நீதிமன்ற அனுமதியின்றி ராஜியாகலாம். எலும்பு முறிந்திருந்தால் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். ராஜி முறைப்படி ஏற்கப்பட்டால் எதிரி விடுதலை பெற்றவராவார்.

அரிவாளால் பட்ட கீறல் சிறிதேயாயினும் இப்பிரிவின் கீழ் ராஜிக்கு இடமில்லை. சட்டம் காயத்தோடு ஆயுதத்தையும் பார்க்கிறது. பொது இடத்தில் ஆபாசமாகத் திட்டிய குற்றத்திற்குத் தண்டனை மூன்று மாதமே எனினும், அதுவும் பட்டியலில் இல்லை. நம் பக்கத்துச் சண்டைகளில் திட்டாமல் அடித்தவர் அரிதாகையால், சிறு வழக்குகளும் இதனால் தடைப்படுகின்றன.

இத்தகைய வழக்குகளுக்கு உயர் நீதிமன்றமே வழி. கியான் சிங் வழக்கில் 2012இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. குடும்பத் தகராறு, கொடுக்கல் வாங்கல் போன்று தனிப்பட்டோரிடையே நின்றுவிடும் குற்றமாயின், சமரசத்தை ஏற்று உயர் நீதிமன்றம் வழக்கை ரத்து செய்யலாம். கொலை, கற்பழிப்பு, கொள்ளை போன்ற கொடுங்குற்றங்களில் அவ்வாறு செய்யலாகாது. கொலை முயற்சிப் பிரிவு போடப்பட்டிருந்தால், பிரிவின் பெயரை மட்டும் பாராது, காயம் உடலின் எப்பகுதியில், எந்த ஆயுதத்தால் ஏற்பட்டது என்பதையும் ஆராய வேண்டுமென்று 2014இல் நரிந்தர் சிங் வழக்கில் கூறப்பட்டது.

சமரசம் என்ற சொல் இனியது. ஆனால் அதன் விலையை யார் கொடுக்கிறார் என்பதைப் பார்க்க வேண்டும். கூலிக்குச் செல்பவர் ஒருபுறமும், அவருக்குக் கூலி கொடுப்பவர் மறுபுறமும் இருக்கையில், 'ஊர் ஒற்றுமை' என்ற பெயரால் விட்டுக்கொடுப்பவர் பெரும்பாலும் முன்னவரே. பெண்கள், குழந்தைகள் விஷயத்தில் இது இன்னும் கொடிது. ராஜஸ்தானில் ஒரு பள்ளி மாணவியிடம் ஆசிரியர் முறைகேடாக நடந்ததாக வந்த வழக்கு, மாணவியின் தந்தையோடு ஏற்பட்ட சமரசத்தைக் காட்டி உயர் நீதிமன்றத்தில் ரத்தாயிற்று. வழக்கின் தரப்பினர் அல்லாத பிறர் மேல்முறையீடு செய்தனர். 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த ரத்தை நீக்கி, வழக்கு தொடர்ந்து நடக்க ஆணையிட்டது. இது இரு வீட்டாருக்குள் முடியும் செய்தியன்று என்பதே காரணம்.

ஊராட்சித் தலைவர்கள் கவனிக்கத் தக்கது இங்கேதான் உள்ளது. இரு தரப்பாரையும் பேச வைப்பது தவறன்று. ஆனால் தீர்ப்புக் கூறுவதும், அபராதம் விதிப்பதும், ஊரை விட்டு ஒதுக்குவதும் கட்டப் பஞ்சாயத்தாகும்; அது சட்டவிரோதமென்று 2011இல் ஆறுமுகம் சேர்வை வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. ராஜிக்கு இடமில்லாத குற்றத்தை மறைக்கப் பணம் பெறுவதும் கொடுப்பதும் தனிக் குற்றங்கள். ஆகவே ஊராட்சி முத்திரையை ராஜிப் பத்திரத்தில் இடலாகாது.

உண்மையாகவே இணங்கியவர்கள் வழக்கு நடக்கும் நீதிமன்றத்திலோ மக்கள் நீதிமன்றத்திலோ நேரில் தோன்றி மனுச் செய்யலாம். மக்கள் நீதிமன்றமும் ராஜிக்குரிய குற்றங்களையே எடுத்துக்கொள்ளும். கையொப்பமிட வற்புறுத்தப்படுவோர் வட்ட சட்டப் பணிகள் குழுவை நாடலாம். பெண்களுக்கும், ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் வருமான வரம்பின்றி அங்கு இலவசமாக வழக்கறிஞர் அமர்த்தித் தரப்படுவார். தொலைபேசி எண் 15100.