கதவில்லாத கழிப்பறை

கனவில் நான் சிங்கப்பூர்-ஜோகூர் காஸ்வே நெரிசலில் மாட்டியிருந்தேன். முன்னால் லாரி, பின்னால் மோட்டார் சைக்கிள் கூட்டம், பக்கத்தில் ஜோகூரிலிருந்து வரும் பெரிய தண்ணீர்க் குழாய். அடக்க முடியாமல் இறங்கி ஓடினால், சோதனைச்சாவடிக்குள் ஒரு கழிப்பறை. வெள்ளை ஓடு, பளிச்சென்று விளக்கு, ஆளே இல்லை. கதவும் இல்லை. யார் பார்க்கப் போகிறார்கள் என்று நின்றுவிட்டேன். அப்பாடா என்று இருந்தது. அடுத்த கணம் தொடை சுட்டது. கொஞ்ச நேரத்தில் குளிர்ந்தது.

மணி 3:20. உட்லண்ட்ஸ், மார்சிலிங் பக்கம், 11ஆவது மாடி வீடமைப்பு வளர்ச்சிக் கழக வீடு. எனக்கு வயது 47. தொழில், பேருந்து ஓட்டுவது. 4:15க்கு எழுந்தாக வேண்டும்.

மனைவி மறுபக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். மெத்தையில் துண்டை விரித்து, கைலியை வாளியில் போட்டு, விடிந்ததும் "ஏர்கான்ல தண்ணி சொட்டுது போல" என்றேன். அவள் அன்றைக்கே ஆள் வரவழைத்துவிட்டாள். நன்றாக ஓடிக்கொண்டிருந்த ஏர்கானைக் கழுவ 40 வெள்ளி. என் வெட்கத்துக்கு நான் கட்டிய முதல் தண்டம் அது.

ஆறு வாரத்தில் நான்கு முறை நடந்தது. நான்கிலும் கனவு உண்டு. ஒரு முறை பள்ளிக்கூடக் கழிப்பறை, ஒரு முறை பேருந்து நிலையம், ஒரு முறை காஸ்வே குழாய் உடைந்து தண்ணீர் பீய்ச்சி அடித்தது. அதனால்தான் கனவைக் குற்றவாளி ஆக்கினேன். கனவு வராமல் பார்த்துக்கொண்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைத்து, இரவில் படம் பார்ப்பதை நிறுத்தினேன், திருநீறு பூசிப் படுத்தேன். அம்மாவிடம் பட்டும் படாமல் "தண்ணியாவே கனவு வருதும்மா" என்றேன். "நல்லதுதாம்பா, காசு வரும்" என்றார். பஞ்சாங்கத்தில் பல்லி விழும் பலனுக்குப் பக்கத்தில் கனாப் பலன் பார்த்து வளர்ந்தவர், வேறு என்ன சொல்வார்? காசு வரவில்லை. மெத்தைக்குத்தான் போனது.

மனிதரிடம் கேட்கத்தான் வெட்கம், புத்தகத்திடம் கேட்கலாமே என்று விடுமுறை நாள்களில் உட்லண்ட்ஸ் வட்டார நூலகத்தில் போய் உட்கார்ந்தேன். இந்தக் குழப்பம் எனக்கு மட்டுமானதில்லை என்பது அங்கேதான் தெரிந்தது. கிரேக்க வரலாற்று ஆசிரியர் எரோடோட்டஸ் ஒரு கதை சொல்கிறார். மீடியா நாட்டு அரசன் அஸ்தியாகஸ், தன் மகள் கழித்த சிறுநீர் ஆசியா முழுவதையும் மூழ்கடிப்பதாகக் கனவு கண்டான். சோதிடர்களைக் கூப்பிட்டுப் பலன் கேட்டான். பயந்துபோய் மகளை ஒரு பாரசீகருக்குக் கட்டிக்கொடுத்தான். எனக்கு அதைப் படித்ததும், அரசருக்கு அன்று மூத்திரப்பை நிறைந்திருக்கும் என்றுதான் தோன்றியது. இதை அரண்மனையில் யார் வாய்விட்டுச் சொல்வது?

1900ஆம் ஆண்டு என்று அச்சிட்டு வெளிவந்த கனவு நூலில் உளப்பகுப்பாய்வாளர் பிராய்டு இதைக் கொஞ்சம் நெருங்கி வருகிறார். உப்பிட்ட நெத்திலி, ஆலிவ் என்று இரவில் தின்றால் தாகத்தில் விழிப்பாராம். அதற்குமுன் தண்ணீர் குடிப்பதுபோல் தவறாமல் கனவு வருமாம். தூக்கம் கலையாமல் இருக்க மனம் செய்யும் தந்திரம் கனவு என்பது அவர் கட்சி. மற்ற விஷயங்களில் அவரோடு எனக்கு ஒத்துப்போகவில்லை. ஆனால் நாசி லெமாக்கில் நெத்திலியை அள்ளிப் போட்டுத் தின்கிற எனக்கு இது மட்டும் உடனே புரிந்தது. அமெரிக்காவில் டிமென்ட், வோல்பர்ட் என்ற இருவர் 1958இல் உடம்பு உணர்வது கனவுக்குள் நுழைகிறதா என்று சோதித்தே பார்த்தார்கள். கனவுத் தூக்கத்தில் இருந்தவர்கள்மேல் குளிர்ந்த தண்ணீரைத் தெளித்துக் கொஞ்ச நேரம் கழித்து எழுப்பிக் கேட்டால், 100க்கு 42 முறை அந்தத் தண்ணீர் மழையாகவோ கூரை ஒழுகலாகவோ கனவுக்குள் வந்திருந்தது.

என்னை நிமிர்ந்து உட்கார வைத்தது இன்னொன்று. ரோஜர் பிரௌட்டன் என்ற கனடா மருத்துவர், படுக்கையை நனைப்பவர்களின் மூளை அலைகளை இரவு முழுவதும் பதிவு செய்து, 1968இல் 'சயின்ஸ்' இதழில் எழுதினார். நனைவது பெரும்பாலும் கனவில்லாத ஆழ்ந்த தூக்கத்திலிருந்து உடம்பு பாதி விழிக்கும் நேரத்தில் நடக்கிறது. ஈரத்திலேயே படுத்திருந்தால் பிறகு வரும் கனவுகளில் அந்த ஈரம் நுழைகிறது என்பது அவர் கண்டது. அதாவது பல பேருக்கு நனைவது முன்னால், கனவு பின்னால். காலையில் நமக்கு வரிசை மாறித் தெரிகிறது. ஆனால் வயது வந்தவர்களுக்குத் தூக்கத்தின் எந்தக் கட்டத்திலும் நனையலாம், கனவின் நடுவிலும் நனையலாம் என்று பின்னால் மருத்துவர் எனக்குச் சொன்னார். எப்படியானாலும் கனவு தகவல் கொண்டுவருகிற தபால்காரர். தபால்காரரைத் திட்டி ஆறு வாரத்தைக் கழித்திருந்தேன்.

மருத்துவரிடம் போக வைத்தது என் துணிச்சல் இல்லை. ஐந்தாவது முறை நனைந்தபோது மனைவி விளக்கைப் போட்டுவிட்டாள். நான் ஏர்கானைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்த்தாள். "மொத தடவையே தெரியுங்க. நீங்களா சொல்லட்டும்னு இருந்தேன்" என்றாள். 40 வெள்ளியைப் பற்றி நான் கேட்கவில்லை. பிறகு அவள் சொன்னதுதான் முக்கியம்: "அது கிடக்கட்டும். ராத்திரி குறட்டை விட்டுக்கிட்டே இருக்கீங்க, திடீர்னு சத்தமே இல்ல. எண்ணிப் பார்த்தேன், 20 எண்ணுற வரைக்கும் மூச்சு இல்ல. அதுக்குத்தான் நான் பயப்படறேன்."

பலதுறை மருந்தகத்தில் ப்ராஸ்டேட், சர்க்கரை என்று ஏதாவது சொல்வார்கள் என்ற எண்ணத்தில் போய் உட்கார்ந்தேன். இரண்டையும் சோதித்தார்கள், இரண்டும் இல்லை. அந்தப் பெண் மருத்துவர் கேட்ட கேள்வி, "குறட்டை விடுவீர்களா? உங்கள் சட்டைக் காலர் எத்தனை அங்குலம்?" மூத்திரத்துக்குப் போனவனிடம் காலர் அளவு கேட்கிறாரே என்று இருந்தது. 17 அங்குலம். மூன்று நாளைக்குக் கணக்கு எழுதி வரச் சொன்னார். எதை, எப்போது, எவ்வளவு குடித்தேன். எப்போது, எத்தனை மில்லி போனேன். பிளாஸ்டிக் அளவுக் குவளை ஒன்று வாங்கிக்கொண்டேன். சமையலறையில் வைக்க வேண்டாம் என்று மனைவி அதன்மேல் பெரிய சிவப்புச் சிலுவை போட்டாள்.

நாள் முழுவதும் போனது 1,900 மில்லி, அதில் படுத்த பிறகு மட்டும் 900. இளவயதில் இரவுப் பங்கு ஐந்தில் ஒன்று, 65க்கு மேல் மூன்றில் ஒன்று வரை இருக்கலாமாம். எனக்குக் கிட்டத்தட்டப் பாதி. மூத்திரப்பையில் கோளாறு இல்லை. இரவில் சிறுநீரே அளவுக்கு மேல் ஊறுகிறது.

குறட்டை, தடித்த கழுத்து இரண்டையும் வைத்து மருத்துவர் தந்த பரிந்துரைக் கடிதத்தோடு மருத்துவமனைக்குப் போய்த் தூக்கச் சோதனை செய்துகொண்டேன். மணிக்கு 41 முறை மூச்சு தடைபடுகிறது என்று வந்தது. மருத்துவர் விளக்கியதை என் சொல்லில் சொல்கிறேன். தொண்டை அடைபடும்போது நெஞ்சு காற்றுக்காக வெறுமனே இழுக்கிறது. அந்த இழுப்பில் இதயத்தின் மேலறை விரிகிறது. விரிந்ததும் இதயம், உடம்பில் தண்ணீர் கூடிவிட்டது என்று ஏமாந்து ஒரு ஹார்மோனை அவிழ்த்துவிடுகிறது. சிறுநீரகம் உப்பையும் நீரையும் வெளியே தள்ளுகிறது. இரவில் சிறுநீரைக் குறைக்க மூளை வாசோபிரெசின் என்று ஒன்றைச் சுரக்கிறது; இந்தத் தள்ளலுக்கு முன் அது எடுபடுவதில்லை. விடியற்காலையில் கனவுத் தூக்கம் கூடும். அப்போது தசைகள் தளர்வதால் தொண்டை அடைப்பும் கூடும். என் 3:20க்கும் கழிப்பறைக் கனவுக்கும் கணக்கு அங்கே சரியாக விழுந்தது.

சிங்கப்பூரில் பெரியவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு இந்த மூச்சுத் தடை மிதமாகவோ கடுமையாகவோ உண்டு என்று 2016இல் வந்த ஆய்வு சொன்னது. பலருக்குத் தெரிவதே இல்லை. நானோ ஒரு பேருந்து நிறைய ஆள்களை ஏற்றிக்கொண்டு ஓட்டுகிறவன். பகலில் கண் செருகியதற்கு ஷிப்டைக் குறை சொல்லிக்கொண்டிருந்தேன். நினைத்தால் இப்போதும் உள்ளங்கை வியர்க்கிறது.

தொண்டை அடைபடாதபடி காற்றைச் செலுத்தும், மூக்கில் மாட்டும் சிபேப் கருவி தந்தார்கள். முதல் மூன்று இரவும் பிடுங்கி எறிந்தேன். நான்காம் இரவு நான்கு மணி நேரம் தாங்கியது. இரண்டாவது வாரத்துக்குப் பிறகு மெத்தை நனையவில்லை. இரவில் மூன்று முறை எழுந்தவன் ஒரு முறை எழுகிறேன்.

இனி, எனக்குப் பயன்பட்டவை. மாலை ஆறுக்குப் பிறகு தே தாரிக் கிடையாது, பீர் கிடையாது. பகலில் தண்ணீரைக் குறைக்கக் கூடாது. ஓட்டுநர்கள் நாங்கள் பகலெல்லாம் குடிக்காமல் அடக்கி, வீட்டுக்கு வந்து ஒரு லிட்டரை மொத்தமாகக் கவிழ்ப்போம். அது தவறான வரிசை. உப்பு பெரிய விஷயம். ஜப்பானில் நாகசாகி மருத்துவர்கள் 2017இல் ஓர் ஆய்வை முன்வைத்தார்கள். நாள் உப்பு 10.7 கிராமிலிருந்து 8 கிராமுக்கு இறங்கியவர்கள் இரவில் எழுவது 2.3 முறையிலிருந்து 1.4 ஆனது. இரவுச் சாப்பாட்டில் ஊறுகாய், கருவாடு, மேகி சூப் மூன்றையும் நான் விட்டேன். நெத்திலியை மதியத்துக்கு மாற்றிவிட்டேன். கால் வீங்குகிறவர்கள் மாலையில் அரை மணி நேரம் காலை உயர்த்தி வைக்கலாம். காலில் தேங்கிய நீர் படுத்த பிறகு இறங்காமல் முன்னாலேயே இறங்கிவிடும். மெத்தைக்கு ரப்பர் ஷீட் வேண்டாம், நம் ஊர் புழுக்கத்தில் முதுகு வெந்துவிடும். துணி மேலுறை போட்ட நீர்புகா உறை போதும்.

கனவையும் நான் முழுக்கக் கைவிடவில்லை. படுக்கும்போது எனக்கு நானே சொல்லிக்கொள்வேன்: கழிப்பறையில் கதவு இல்லையென்றால் அது கனவு. சில வாரங்களில் இது கனவுக்குள்ளேயே வேலை செய்தது. நிற்கப் போகும் நேரத்தில் "கதவு எங்கே?" என்று தோன்றும், விழிப்பு வந்துவிடும். இது வைத்தியம் இல்லை, எனக்குப் பலித்த சின்ன வித்தை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை தேக்காவில், பஃபலோ சாலையோரம், ஊரிலிருந்து வேலைக்கு வந்த தம்பி ஒருவரிடம் இதையெல்லாம் சொன்னேன். கிராஞ்சிப் பக்கம் தங்கும் விடுதியில் இருக்கிறார், 26 வயது. கையிலிருந்த தேநீரை ஆறவிட்டு வெகுநேரம் தரையையே பார்த்தார். "எனக்குக் கனவே வராதுண்ணே. முழிச்சா ஈரம், அவ்வளவுதான். சின்னப் பிள்ளையிலேர்ந்து." மேல் கட்டில் கொடுத்தால் சண்டை போட்டுக் கீழ்க் கட்டில் வாங்குவாராம். எல்லோருக்கும் முன்னால் மூன்று மணிக்கு எழுந்து துவைப்பதால் அறையில் அவருக்குச் சுத்தக்காரர் என்று பெயர். வீட்டில் பெண் பார்க்கிறார்கள், ஒவ்வொரு முறையும் தட்டிக் கழிக்கிறார்.

இது வேறு வகை. குழந்தையிலிருந்தே நிற்காமல் வருவது. ஹாங்காங்கில் 16 முதல் 40 வயது வரை உள்ளவர்களிடம் எடுத்து 2004இல் வெளியிட்ட கணக்கில் 100க்கு 2.3 பேருக்கு இது இருந்தது. அதைச் சொன்னதும், "அப்ப எங்க விடுதியில இன்னும் எத்தனை பேரோ!" என்றார். மருத்துவரிடம் கூடவே போனேன். டெஸ்மோபிரெசின் மாத்திரை கொடுத்தார்கள். அதைப் போட்டுவிட்டு இரவில் தண்ணீர் குடித்தால் இரத்தத்தில் உப்பு ஆபத்தாக இறங்கிவிடும் என்று இரண்டு முறை எச்சரித்தார்கள். யாரோ சொன்னார்கள் என்று தானாக வாங்கிப் போடும் மாத்திரை அல்ல அது. இப்போதும் எப்போதாவது நனைகிறது. அம்மாவிடம் மட்டும் சொல்லியிருக்கிறார்.

பெரியவர்களுக்குப் புதிதாக இது தொடங்கினால் தள்ளிப்போடக் கூடாது. கூடவே தாகம், எடை குறைவது, எரிச்சல், சிறுநீரில் இரத்தம் இருந்தால் அந்த வாரமே போக வேண்டும். காலையில் நாக்கு கடிபட்டிருந்தால் அது தூக்கத்தில் வந்த வலிப்பாக இருக்கலாம். கால் மரத்துப் பலமிழந்தாலோ, தொடை இடுக்கு உணர்வற்றுப் போனாலோ அன்றைக்கே அவசரப் பிரிவுக்குப் போய்விடுங்கள். புதிதாகத் தூக்க மாத்திரையோ மனநல மருந்தோ தொடங்கியிருந்தால் அதையும் சொல்லுங்கள், நீங்களாக நிறுத்த வேண்டாம்.

பதிவு மேசையில் காரணம் கேட்பார்கள். பின்னால் வரிசை நிற்கும், தெரிந்த முகம் கூட இருக்கலாம். "ராத்திரி சிறுநீர்ப் பிரச்சினை" என்றால் போதும். மீதியை, மருத்துவர் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திய பிறகு சொல்லுங்கள்.