கத்தியும் எழுத்தாணியும்

கத்தி என்றதும் மாணவர் போரையே நினைப்பர். நம் நாட்டுக் கத்தியின் வரலாறோ ஏட்டோடும் உறவுடையது.

1815இல் வீழ்ந்த கண்டியரசின் கம்மாளர் 'பிஹா கெத்த' என்னும் கத்தியைச் செய்தனர். தடித்த அலகு, அதன்மேல் பித்தளையும் வெள்ளியும் பதித்த கொடிவேலை, தந்தத்தாலோ கொம்பாலோ ஆன பிடி. பிரபுக்கள் இடையிற் செருகிய இக்கத்தியின் உறைக்குள் பல வேளைகளில் எழுத்தாணியும் உடனிருக்கும். ஓலையை நறுக்கக் கத்தி, எழுத ஆணி. இக் கைவினைஞரின் தொழில்முறைகளை ஆனந்த குமாரசுவாமி 1908இல் நூலாக்கியிராவிடின் பல இன்று நமக்குத் தெரிந்திரா.

ஸ்கொத்லாந்து மலைநாட்டுக் கேலிக் மக்களின் குத்துவாள் உறையிலும் துணைக்கருவிகள் உண்டு. ஆனால் அவை சிறு கத்தியும் முட்கரண்டியுமாம்! அங்கே உணவு, இங்கே எழுத்து. எது சிறந்ததென்று பசித்தவனைக் கேளாதிருப்பதே நன்று.

தமிழரின் கட்டாரியோ முற்றும் போர்க்கருவியே. தஞ்சை ஆயுதசாலையிலிருந்து சென்றவை மேனாட்டு அருங்காட்சியகங்களில் உள. அவற்றுட் சிலவற்றின் அலகு ஐரோப்பிய வாளினின்றும் வெட்டியெடுத்ததாகும். நம் புலவர் கையிலிருந்த மடக்கெழுத்தாணியிலோ ஒரு முனை ஆணி, மறுமுனை கத்தி. கண்டிப் பிரபு உறையிற் சேர்த்ததைப் புலவர் ஒரே பிடியிற் சேர்த்துக்கொண்டார்.

ஏடு போயிற்று, ஓலை போகவில்லை. பன்னவேலை செய்யும் வீடுகளிற் சத்தகம் என்னும் சிறுகத்தியைக் காணலாம். உயிலங்குளத்து மாணவர், தம் பாட்டியாரின் சத்தகத்தை அடித்தவர் யார், எங்கே தீட்டினர், அதன் உறுப்புகளுக்குப் பெயர் யாவை எனக் கேட்டு, அவர் சொன்ன சொல்லிலேயே எழுதிவருக. வகுப்பில் அவற்றைத் தொகுப்போம்.