கேமராவின் சாவி யார் கையில்?

கடைக்குப் பூட்டு வாங்கும்போது சாவிகளை எண்ணி வாங்கிக்கொள்கிறோம். ஆனால் கல்லாவுக்கு மேலே கண்காணிப்புக் கேமரா பொருத்தியவரிடம் பாஸ்வேர்டு என்ன என்று நம்மில் பலர் கேட்பதே இல்லை. கொள்முதலுக்கு வெளியூர் போன இடத்திலும் செல்போனில் கடை தெரிகிறது என்ற மகிழ்ச்சியோடு சரி. நமக்கு வெளியிலிருந்து தெரிகிறதென்றால், பாஸ்வேர்டு அறிந்த வேறொருவருக்கும் தெரியும்.

2016-ஆம் ஆண்டில் 'மிராய்' என்ற நாசகார புரோகிராம், இன்டர்நெட்டோடு இணைந்த கேமராக்களையும் அவற்றின் பதிவுப் பெட்டிகளையும் உலகெங்கும் தேடிப் பிடித்தது. அதனிடம் பெரிய வித்தை எதுவும் இல்லை. கம்பெனியில் வைத்து அனுப்பும் 'அட்மின்', '12345' போன்ற சுமார் 60 பெயர்–பாஸ்வேர்டு ஜோடிகளை வரிசையாகப் போட்டுப் பார்த்தது, அவ்வளவே! அவ்வாண்டு அக்டோபர் 21 அன்று, அப்படிப் பிடிபட்ட கருவிகள் அமெரிக்காவின் டைன் நிறுவனத்தை ஒரே நேரத்தில் தாக்கின. இணையதள முகவரிகளுக்கு வழிகாட்டும் நிறுவனம் அது. ட்விட்டர், நெட்ஃப்ளிக்ஸ் முதலியவை பலருக்கு மணிக்கணக்கில் கிடைக்கவில்லை. கேமராக்களோ வழக்கம்போல் படம் காட்டிக்கொண்டிருந்தன. சொந்தக்காரர்களுக்குச் சந்தேகமே எழவில்லை. கருவியை அணைத்துப் போட்டால் மிராய் அழிந்துவிடும். ஆனால் பழைய பாஸ்வேர்டே இருந்தால் சில நிமிடங்களில் மீண்டும் புகுந்துவிடும்.

அமெரிக்காவில் நடந்தது நமக்கெதற்கு என்று எண்ணலாகாது. நம் கடைக் கேமரா எதைப் பார்க்கிறது என்று ஒருமுறை நிமிர்ந்து பாருங்கள். அடக்க விலை எழுதிய நோட்டு, கல்லா எண்ணும் நேரம், வாடிக்கையாளர் கார்டு மெஷினில் அழுத்தும் ரகசிய எண், கிடங்கில் ஆள் இல்லாத வேளை, எல்லாம் அதில் விழுகின்றன. ஜவுளிக்கடை நடத்துவோர் உடை மாற்றும் அறைப் பக்கம் கேமராவைத் திருப்பவே கூடாது. ஒருவரின் அந்தரங்கத்தைப் படம் பிடித்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-இ பிரிவின்படி 3 ஆண்டு வரை சிறை உண்டு.

கேமரா பொருத்துபவர் கிளம்பும் முன்பே, அவர் பார்க்காதபடி நாமே புதிய பாஸ்வேர்டு போடவேண்டும். கடைப் பெயரும் போன் நம்பரும் பாஸ்வேர்டாகா. கணக்குப்பிள்ளைக்கு வேண்டுமானால் தனிப் பெயர் கொடுக்கலாம்; அவர் வேலையை விட்டு நின்ற அன்றே அதை நீக்கிவிட வேண்டும். வெளியூரிலிருந்து பார்க்கும் தேவையே இல்லாதவர்கள், பதிவுப் பெட்டியில் செருகியுள்ள இன்டர்நெட் ஒயரைக் கழற்றிவிடலாம். பதிவு வழக்கம்போல் நடக்கும்.